செயினும் ஒரு பயணக் குறிப்பும்: கோயில்களை அளந்து தேடிய இன்ஜினியர்

மாமல்லபுரத்துக்கோ தஞ்சைப் பெரிய கோயிலுக்கோ கண்டிப்பா ஒரு தடவை போயிருப்பீங்க. நுழையும் இடத்தில் நீல நிறத்தில் ஒரு போர்டு நிற்கும். இது பாதுகாக்கப்பட்ட நினைவுச் சின்னம், சேதப்படுத்தினால் தண்டனை என்று எழுதியிருக்கும். இந்தியத் தொல்லியல் துறையின் பெயரும் இருக்கும். நம்மில் பாதிப் பேர் அதைப் படிக்காமலேயே செல்ஃபி எடுக்கப் போயிடுவோம்.

அந்தத் துறையின் முதல் தலைமை இயக்குநர் ஹிஸ்டரி புரொபசர் இல்லை. நம்ம ஆளு, ஒரு இன்ஜினியர். பாலம் கட்டியவர், ரோடு போட்டவர், இமயமலையில் எல்லை அளக்கப் போனவர். பெயர் அலெக்சாண்டர் கன்னிங்காம். புத்தர் நடந்த ஊர்களில் பலவற்றை மேப்பில் மறுபடி குறித்துக் கொடுத்தவர் அவர்தான். அதே மனிதர், உலகின் மிகப் பழைய நகர நாகரிகங்களில் ஒன்றின் மேலேயே நின்று, அது என்னவென்று தெரியாமல் திரும்பி வந்தார். இரண்டுக்கும் காரணம் அவருடைய ஒரே பழக்கம். அது என்ன பழக்கம் என்று தெரிந்துகொள்ள அவர் வாழ்க்கையை முதலிலிருந்து பார்ப்போம்.

கல்தச்சரின் மகன்

1814 ஜனவரி 23 அன்று லண்டனில் பிறந்தார். அப்பா ஆலன் கன்னிங்காம் ஸ்காட்லாந்துக்காரர். கல்தச்சராக வாழ்க்கையைத் தொடங்கி, கவிஞராகப் பெயர் வாங்கியவர். பிள்ளைகளுக்கு எழுதி வைக்கச் சொத்து எதுவும் இல்லை. ஆனால் நல்ல நண்பர்கள் இருந்தார்கள். நாவலாசிரியர் வால்டர் ஸ்காட்டின் சிபாரிசில் அலெக்சாண்டருக்கும் அவருடைய அண்ணன் ஜோசப்புக்கும் கிழக்கிந்தியக் கம்பெனி ராணுவத்தில் பயிற்சி இடம் கிடைத்தது. கம்பெனியின் ராணுவப் பள்ளி இருந்த அடிஸ்கோம்பில் படித்து, பொறியியல் பயிற்சியும் முடித்து, 1833-இல் வங்காள இன்ஜினியர்ஸ் படையில் சேர இந்தியா வந்தார். அப்போது வயது 19. நாம ஃபர்ஸ்ட் இயர் முடிக்கிற வயசு.

வந்த கொஞ்ச நாளில் ஜேம்ஸ் பிரின்செப்பின் அறிமுகம் கிடைத்தது. பிரின்செப் நாணயச் சாலையில் உலோகத்தின் தரத்தைச் சோதிக்கும் அதிகாரி. பழைய நாணயங்களையும் கல்வெட்டுகளையும் வைத்துக்கொண்டு, யாராலும் படிக்க முடியாமல் கிடந்த பிராமி எழுத்தோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். 1837-இல் அதை உடைத்தும் விட்டார். அசோகரின் கல்வெட்டுகள் அதற்குப் பிறகுதான் பேச ஆரம்பித்தன. கடுமையாக உழைத்து உடம்பைக் கெடுத்துக்கொண்ட பிரின்செப் 1840-இல், 40 வயதில் இறந்துபோனார். அவர் விட்ட இடத்திலிருந்து தொடர வேண்டும் என்ற எண்ணம் கன்னிங்காமுக்குள் அப்போதே விழுந்துவிட்டது.

சாரநாத்தில் ஒரு குழி

காசிக்குப் பக்கத்தில் சாரநாத் இருக்கிறது. புத்தர் முதல் உபதேசம் செய்த இடம். அங்கே தமேக் ஸ்தூபி என்ற மாபெரும் கட்டுமானம் இன்றும் நிற்கிறது. கன்னிங்காம் அங்கே வேலையைத் தொடங்குவதற்கு 40 வருஷம் முன்பு, 1794-இல், பக்கத்திலிருந்த இன்னொரு பெரிய ஸ்தூபியைக் காசி அரசரின் திவான் ஜகத் சிங் செங்கல்லுக்காக இடித்தார். உள்ளே பச்சை நிறக் கல் பேழை ஒன்றில் எலும்புத் துண்டுகள் கிடைத்தன. அவை கங்கையில் விடப்பட்டன. செங்கல் சந்தை கட்டப் போனது.

1835-இல் கன்னிங்காம் தமேக் ஸ்தூபிக்குச் சாரம் கட்டி ஏறினார். உச்சியில் தொடங்கி, நட்டநடுவில், நேர் கீழாக ஒரு குழி தோண்டினார். மேல்பகுதியிலேயே பௌத்த வாசகம் பொறித்த ஒரு பலகைக்கல் கிடைத்தது. அதற்குப் பிறகு வெறும் கல்லும் செங்கல்லும்தான். 100 அடிக்கும் மேல் தோண்டி அடித்தளத்தையே தொட்டுவிட்டார். பேழை கிடைக்கவில்லை. இன்றைக்கு ஒரு தொல்லியல் மாணவர் இப்படித் தோண்டினால் கைது செய்துவிடுவார்கள். அன்றைக்கு அதுதான் முறை. ஒரு வழிபாட்டிடத்தின் நடுவில் துளை போட்டு உள்ளே பொருள் இருக்கிறதா என்று பார்ப்பதற்குப் பெயர் ஆராய்ச்சி.

ஆனால் அந்த ஸ்தூபியைச் சுற்றித் தோண்டியபோது சிலைகள் குவியலாகக் கிடைத்தன. சிலவற்றைக் கல்கத்தாவுக்கு அனுப்பினார். மீதி நாற்பதுக்கும் மேற்பட்டவை அங்கேயே விட்டுவைக்கப்பட்டன. பிற்பாடு அவை என்ன ஆயின தெரியுமா? வருணா நதியில் பாலம் கட்டியபோது, நீரோட்டம் அடித்தளத்தை அரிக்காமல் இருக்க ஆற்றுக்குள் கொட்டப்பட்டன. செய்தது கொள்ளைக்காரர்கள் இல்லை, பாலம் கட்டியவர்கள். கன்னிங்காமின் தொழிலைச் சேர்ந்தவர்களே. கண்டுபிடித்தால் மட்டும் போதாது, காப்பாற்ற ஒரு ஏற்பாடு வேண்டும் என்பதற்கு இதைவிடப் பெரிய பாடம் தேவையில்லை.

பயணக் குறிப்பை ஃபீல்டு புக்காகப் படித்தவர்

சாரநாத்துக்கு அடுத்த வருஷம், 1836-இல், பாரிஸில் ஒரு புத்தகம் வெளியானது. 5-ஆம் நூற்றாண்டில் இந்தியா வந்த சீனத் துறவி பாஹியானின் பயணக் குறிப்பு, பிரெஞ்சு மொழிபெயர்ப்பில். 1850-களில் 7-ஆம் நூற்றாண்டுத் துறவி யுவான் சுவாங்கின் குறிப்பும் பிரெஞ்சில் வந்தது. பள்ளிக்கூடத்தில் ஒரு மார்க் கேள்விக்காக இந்த இரண்டு பெயர்களையும் மனப்பாடம் பண்ணியிருப்போம் இல்லையா? கன்னிங்காம் அவற்றை வேறு மாதிரி படித்தார்.

யுவான் சுவாங் ஒரு ஊரிலிருந்து இன்னொரு ஊருக்கு எந்தத் திசையில், எத்தனை லீ தூரம் என்று எழுதிக்கொண்டே போகிறார். லீ என்பது சீன தூர அளவு. ஊருக்குள் வந்தால் ஸ்தூபி எந்தப் பக்கம், மடம் எந்தப் பக்கம், குளம் எங்கே, எவ்வளவு உயரம் என்று குறிக்கிறார். பக்திக்கு இது யாத்திரை நூல். ஒரு இன்ஜினியருக்கோ இது சர்வே ஃபீல்டு புக். பேரிங் இருக்கிறது, தூரம் இருக்கிறது. ஸ்டார்ட்டிங் பாயின்ட் ஒன்று தெரிந்தால் போதும், பிளாட் பண்ணிவிடலாம்.

கன்னிங்காம் அதைத்தான் செய்தார். தெரிந்த ஊர்களுக்கு இடையிலான தூரத்தை வைத்து ஏறக்குறைய 6 லீ ஒரு மைல் என்று கணக்குப் போட்டார். பிறகு குதிரை, செயின், குறிப்புப் புத்தகம் இவற்றோடு கிளம்பினார். 1842-இல் பாஹியானின் வழியைப் பிடித்துப் போய் சங்கிசாவை அடையாளம் காட்டினார். புத்தர் தேவலோகத்திலிருந்து இறங்கி வந்ததாக பௌத்தர்கள் நம்பும் இடம் அது.

இந்த ஆர்வத்துக்குப் பின்னால் இருந்த இன்னொரு காரணத்தையும் மறைக்காமல் சொல்லியாகணும். 1843-இல் வெளியான தன் கடிதத்தில், பௌத்த இடிபாடுகளைத் தேடுவது கம்பெனி ஆட்சிக்கும் கிறிஸ்தவ மதப் பிரசாரத்துக்கும் உதவும் என்று அவரே வாதிட்டார். இந்த நாட்டில் பிராமண மதம் மட்டுமே என்றென்றைக்கும் இருந்ததில்லை என்று காட்ட முடியும் என்பது அவர் கணக்கு. ஆராய்ச்சிக்குப் பணம் கேட்பவர், பணம் வைத்திருப்பவரின் மொழியில் பேசினார் என்று சிலர் சொல்லலாம். எப்படியிருந்தாலும், ஆட்சியாளர்களின் தேவையும் இந்தத் தேடலும் ஒன்றோடொன்று கலந்துதான் தொடங்கின.

சாஞ்சி

நடுவில் அவருடைய ராணுவ வேலையும் நடந்துகொண்டுதான் இருந்தது. குவாலியர் பகுதியில் போர், பஞ்சாபில் சீக்கியப் போர், ஆற்றின் குறுக்கே பாலம், 1846-47-இல் லடாக் எல்லை அளவை. காஷ்மீரில் கிடைத்த ஓய்வில் அங்கிருந்த பழைய கோயில்களை அளந்து, 1848-இல் அவற்றின் கட்டடக்கலை பற்றி எழுதினார்.

1851-இல் நண்பர் மேசியோடு சாஞ்சிக்குப் போனார். பெரிய ஸ்தூபியில் ஒன்றும் கிடைக்கவில்லை. பக்கத்திலிருந்த சிறிய ஸ்தூபியில் இரண்டு கல் பெட்டிகள் கிடைத்தன. மூடிகளில் பிராமி எழுத்து. ஒன்றில் சாரிபுத்தர், இன்னொன்றில் மொக்கல்லானர் பெயர். புத்தரின் முதன்மைச் சீடர்கள் இருவர்! பதினைந்து வருஷம் முன்பாக இருந்திருந்தால் அந்த எழுத்தைப் படிக்க ஒரு ஆள் கிடைத்திருக்க மாட்டார்.

அந்த வட்டாரத்து ஸ்தூபிகளில் எடுத்த இந்தச் சீடர்களின் அஸ்திகள் லண்டன் அருங்காட்சியகத்துக்குப் போய்ச் சேர்ந்தன. ஒருவருக்கு அது காட்சிப் பொருள், இன்னொருவருக்கு வணங்க வேண்டியது. பௌத்தர்கள் தொடர்ந்து கேட்டதன் பேரில் 1947-இல் அவை இலங்கைக்கு வந்தன. பிறகு இந்தியா வந்து, 1952-இல் சாஞ்சியில் புதிதாகக் கட்டிய விகாரையில் வைக்கப்பட்டன. எடுத்த இடத்துக்கே திரும்பி வர ஒரு நூற்றாண்டு ஆனது.

ரிட்டயர்மென்டுக்குப் பிறகு வந்த வேலை

1861-இல், 47 வயதில், மேஜர் ஜெனரலாக ஓய்வு பெற்றார். வீட்டுக்குப் போகவில்லை. கவர்னர் ஜெனரல் கானிங்கிடம் ஒரு திட்டத்தைக் கொடுத்தார்: நாட்டின் பழைய கட்டடங்களை முறையாகத் தேடி, அளந்து, பதிவு செய்ய அரசு ஒரு ஆளை நியமிக்க வேண்டும். அரசு ஒப்புக்கொண்டு அவரையே நியமித்தது. இந்தியத் தொல்லியல் துறையின் தொடக்கம் இதுதான்.

அடுத்த நாலு வருஷம் அவர் அலைந்த அலைச்சல் சாதாரணமானது இல்லை. பீகாரில் பர்காவ் என்ற கிராமத்தின் செங்கல் மேடுகள்தான் நாளந்தா என்று காட்டினார். கிடைத்த கல்வெட்டுகளிலும் அந்தப் பெயரே இருந்தது. கசியா என்ற ஊர் புத்தர் மறைந்த குசிநகர் என்றார். சாஹேத்-மாஹேத் இடிபாடுகள் சிராவஸ்தி என்றார். அங்கே 1863-இல் கிடைத்த பெரிய போதிசத்துவர் சிலையின் கல்வெட்டில் சிராவஸ்தியின் பெயர் இருந்தது.

தட்சசீலத்தைக் கண்டுபிடித்த விதம் ஒரு கணக்குப் போலவே இருக்கும். ரோமானிய எழுத்தாளர் பிளினி கொடுத்த தூரத்தைப் பின்பற்றினால், அந்த நகரம் சிந்து நதியிலிருந்து இரண்டு நாள் நடையில் இருக்க வேண்டும். அங்கே பொருத்தமான இடிபாடு இல்லை. சீனத் துறவிகளோ மூன்று நாள் நடை என்கிறார்கள். இரண்டு ரீடிங் முரண்பட்டால் என்ன செய்வோம்? மூன்றாவது ஆதாரத்தைத் தேடுவோம். கன்னிங்காம் சீனர்களின் தூரத்தை எடுத்துக்கொண்டு ஷா-தேரி என்ற இடத்துக்குப் போனார். அங்கே 55 ஸ்தூபிகள், 28 மடங்கள், 9 கோயில்கள் என எண்ணிப் பட்டியல் போட்டார். பிளினியின் எண்தான் தவறு. பிற்காலத் தோண்டல்கள் அந்த இடத்தை உறுதி செய்தன.

1866-இல் பணமில்லை என்று அரசு துறையையே மூடியது. அவர் இங்கிலாந்து திரும்பி, தான் பார்த்ததையெல்லாம் வைத்து இந்தியாவின் பழைய புவியியல் பற்றிய நூலை எழுதினார். துறைக்கு மறுபடி உயிர் வந்தபோது 1871-இல் தலைமை இயக்குநராகத் திரும்பி வந்தார். வயது 57. இன்னும் 14 வருஷம் வேலை பார்த்தார்.

பர்ஹூத், குப்தர் கோயில்கள், புத்தகயா

1873 நவம்பரில் மத்திய இந்தியாவில் பர்ஹூத் என்ற கிராமத்தில் ஒரு ஸ்தூபியின் மிச்சத்தைப் பார்த்தார். ஸ்தூபி கிட்டத்தட்ட இல்லை. செங்கல்லை ஊர்க்காரர்கள் வீடு கட்ட எடுத்துக்கொண்டிருந்தார்கள். மண்ணுக்குள் புதைந்த கல்வேலி மட்டும் தப்பியிருந்தது. அதில் ஜாதகக் கதைகள் சிற்பமாக, பக்கத்திலேயே கதையின் பெயரும் பொறித்திருந்தது. கேப்ஷன் போட்ட படக்கதை மாதிரி. ஒரு சிற்பத்தில், புத்தருக்கு ஒரு தோட்டம் வாங்கித் தருவதற்காக ஒரு வணிகர் அந்த நிலம் முழுக்கக் காசைப் பரப்புகிறார். அந்தத் தோட்டம் ஜேதவனம். சிராவஸ்தியில் அதன் இடத்தைக் கன்னிங்காம் ஏற்கெனவே குறித்துவிட்டிருந்தார்!

அந்தக் கற்களைக் கல்கத்தா அருங்காட்சியகத்துக்குக் கொண்டுபோனார். ஒரு சின்னத்தை அதன் இடத்திலிருந்து பெயர்ப்பது தவறு என்று அப்போதே எதிர்ப்பு வந்தது. விட்டுவைத்தால் சுவருக்குப் போய்விடும் என்பது அவர் பதில். வருணா நதிக்குள் போன சிலைகளை நினைத்தால், அந்தப் பயத்தைக் குறை சொல்ல முடியவில்லை. ஆனால் பர்ஹூத்துக்கு இன்றைக்குப் போனால் பார்க்க அங்கே அதிகம் ஒன்றும் இல்லை என்பதும் உண்மை. இந்த விவாதம் இன்னும் முடியவில்லை.

பௌத்தத் தலங்களோடு அவர் நின்றுவிடவில்லை. கல்வெட்டு இல்லாத கோயிலின் காலத்தை எப்படிச் சொல்வது? திகாவா, ஏரண், உதயகிரி போன்ற இடங்களின் பழைய கோயில்களை அளந்து, பொதுவான கூறுகளைப் பட்டியலிட்டார். சிகரம் இல்லாத தட்டைக் கூரை, இரண்டு பக்கமும் நீண்டு நிற்கும் வாசல் மேற்கல், வாசலைக் காக்கும் கங்கை, யமுனை உருவங்கள், தூணின் தலையில் முதுகோடு முதுகு சேர்த்த சிங்கங்கள். இவை சேர்ந்து வந்தால் குப்தர் பாணி என்றார். பாட்டனி பாடத்தில் இலை, பூ பார்த்துச் செடியை வகைப்படுத்துவோமே, அதே வேலை கோயிலுக்கு.

புத்தகயாவில் யுவான் சுவாங் சொன்ன உயரமும், நின்றுகொண்டிருந்த கோயிலின் உயரமும் 160-170 அடி என ஒத்துப்போனதைக் காட்டி, இது அவர் பார்த்த கோயில்தான் என்று வாதிட்டார். 1880-களின் தொடக்கத்தில் அவருடைய உதவியாளர் பெக்லர் அந்தக் கோயிலைப் புதுப்பித்தார். இடிந்த பகுதிகளின் வடிவத்துக்கு, இடிபாடுகளில் கிடைத்த ஒரு சிறிய கல் மாதிரி வழிகாட்டியது. இன்று உலகம் முழுவதிலிருந்தும் மக்கள் வந்து வணங்கும் கோயிலின் தோற்றம் அந்த வேலையில் உருவானது.

ஹரப்பாவில் நடந்தது

இனிமேல்தான் கதையின் இன்னொரு பக்கம். கன்னிங்காம் 1853-லும் 1856-லும், பிறகு 1872-73-லும் ஹரப்பாவுக்குப் போனார். முதலில் பார்த்தபோது நின்ற சுவர்கள் கடைசியில் இல்லை. லாகூர்-முல்தான் ரயில் பாதையில் ஏறத்தாழ 100 மைல் நீளத்துக்கு பேலஸ்ட்டாகக் கொட்ட அந்தச் செங்கற்கள் போய்விட்டன என்று அவரே பதிவு செய்தார்.

அங்கே கிடைத்த ஒரு கருங்கல் முத்திரையும் அவர் கைக்கு வந்தது. திமில் இல்லாத ஒரு காளை, அதன் மேல் ஆறு எழுத்துகள். இந்திய எழுத்து மாதிரி தெரியவில்லை, காளைக்கும் திமில் இல்லை. ஆகவே இது வெளிநாட்டுப் பொருள் என்று முடிவு செய்து, 1875-இல் படத்தோடு வெளியிட்டார். அந்த இடத்தை யுவான் சுவாங் சொன்ன ஒரு நகரத்தோடு பொருத்திவிட்டு நகர்ந்தார்.

அது சிந்துவெளி முத்திரை. யுவான் சுவாங்குக்கு மூவாயிரம் வருஷத்துக்கு முந்தையது. 1921-இல் தயாராம் சாஹ்னி அங்கே தோண்ட ஆரம்பித்து, 1924-இல் ஜான் மார்ஷல் உலகத்துக்கு அறிவித்த பிறகுதான் அது என்னவென்று தெரிந்தது.

அவருக்குக் கண் இல்லாமல் இல்லை. கையில் ஒரு புத்தகம் இருந்தது, அது எப்போதும் சரியாக வேலை செய்தது. அந்தப் புத்தகத்தில் இல்லாத ஒன்று நிலத்தில் இருக்க முடியும் என்று அவருக்குத் தோன்றவில்லை. சங்கிசாவிலேயே இதன் அறிகுறி இருக்கிறது. சீனத் துறவிகள் அங்கே சிங்கத் தூண் பார்த்ததாக எழுதியிருந்தார்கள். 1862-இல் அவருக்குக் கிடைத்தது யானைத் தலைப்பு. உயரத்தில் இருந்ததால், துதிக்கை உடைந்த யானை சிங்கமாகத் தெரிந்திருக்கும் என்று சமாதானம் சொன்னார். புத்தரின் கபிலவஸ்து விஷயத்திலும் உதவியாளர் காட்டிய தவறான இடத்தை ஏற்றுக்கொண்டார்.

1885-இல் ஓய்வு பெற்றார். அவர் சேகரித்த தொல்பொருள்களில் பெரும்பகுதி, 1880-களில் இலங்கைக் கரையருகே இண்டஸ் என்ற நீராவிக் கப்பலோடு மூழ்கிப்போனது. தப்பிய தங்க, வெள்ளி நாணயங்கள் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்துக்குப் போயின. சர் பட்டம் கிடைத்தது. 1892-இல் புத்தகயா கோயில் பற்றிய கடைசி நூல் வெளிவந்தது. 1893 நவம்பர் 28 அன்று, 79 வயதில், லண்டனில் இறந்தார். அந்த முத்திரை எந்த ஊர்க்காரர்களுடையது என்று கடைசிவரை அவருக்குத் தெரியாது.

ஆனால் ஒன்று கவனிங்க. தனக்குப் புரியாத முத்திரையை அவர் தூக்கிப் போடவில்லை. படம் வரைந்து, அளவு கொடுத்து, கிடைத்த இடத்தைக் குறித்து, ரிப்போர்ட்டில் சேர்த்தார். முடிவு தப்பு, ரெக்கார்டு சரி. பிறகு மற்ற முத்திரைகளும் கிடைத்தபோது, அந்தப் பழைய படம் ஒரு ஆதாரமாக அங்கே காத்திருந்தது. லேப்பில் தியரியோடு ஒத்துவராத ரீடிங் வரும்போது அதை அழித்துவிட்டு ஒத்துவருகிற எண்ணை எழுதிவைக்கக் கை துறுதுறுக்கும், இல்லையா? எழுதியதை அப்படியே விட்டுவிடுங்க. காரணம் உங்களுக்குத் தெரியாமல் போகலாம், பின்னால் வருபவருக்குத் தெரியும்.